ரேடியேட்டரில் ஊற்றிய தண்ணீர்

அன்றைக்கு என் பஸ் பழுதாகவில்லை. நான்தான் அதைப் பழுதாக்கினேன்.

இந்த இரண்டு வரியைச் சொல்லிவிட்டால் நெஞ்சு கொஞ்சம் லேசாகும் என்று நினைத்திருந்தேன். ஆகவில்லை... சரி, ஆரம்பித்தாயிற்று, மீதியையும் சொல்லிவிடுகிறேன். உங்களிடம் சொல்வதற்குக் காரணம் உண்டு. நீங்கள் என் பஸ்ஸில் ஏறப்போகிறவர் அல்ல.

அபுதாபி பக்கம் முசஃபாவில் ஒரு கட்டுமானக் கம்பெனியின் தொழிலாளர் கேம்ப்பில் பஸ் ஓட்டுகிறேன். சொந்த ஊர் அரியலூர்ப் பக்கம். காலையில் ஆட்களை சைட்டில் இறக்கிவிட்டு, மாலையில் அவர்களைக் கேம்ப்புக்குத் திருப்பிக் கொண்டுவருவது என் டூட்டி. ஊரில் வரலாறு படித்துப் பட்டம் வாங்கியவன் நான். பட்டத்தைப் பெட்டிக்குள் வைத்துவிட்டு ஸ்டியரிங்கைப் பிடித்தவன். சிரிக்கத் தோன்றினால் சிரித்துக்கொள்ளுங்கள், எனக்கே சில நாள் சிரிப்பு வரும்.

எங்கள் கேம்ப்பில் ஒரு தேர்தல் நடந்தது. கம்பெனிக்கு வேலை கொடுத்தவர்கள் கேம்ப்பைப் பார்வையிட வந்தபோது, தொழிலாளிகளின் குறையைச் சொல்ல ஒரு பிரதிநிதி வேண்டாமா என்று கேட்டுவிட்டார்கள். அவ்வளவுதான்... மெஸ் ஹாலில் ஒரு மேசை, மேசை மேல் ஒரு பெட்டி, மாலை ஏழு மணிக்குப் பெட்டியை மூடிவிடுவோம் என்று ஓர் அறிவிப்பு. ஜெயித்தவர் மாதம் ஒருமுறை கம்பெனி அதிகாரிகளோடு உட்கார்ந்து பேசலாம்.

நின்றவர்கள் இரண்டு பேர். ஒருவர் ஸ்டோர் பார்த்துக்கொள்ளும் முனியப்பன். கெட்டவர் இல்லை. யார் எதைச் சொன்னாலும் தலையாட்டுவார், அதுதான் அவருடைய குணமும் குறையும். இன்னொருவன் வேலாயுதம். கம்பி கட்டுகிறவன், சின்னசேலத்துக்காரன், என்னைவிட இளையவன். அவன் கேட்டது ஒன்றே ஒன்றுதான். ஊரில் தாயோ தகப்பனோ பிள்ளையோ இறந்துவிட்டால், தகவல் வந்த அன்றைக்கே ஆளை விமானம் ஏற்றிவிட வேண்டும். மாற்று ஆள் இல்லை, வேலை முடியட்டும், அடுத்த வாரம் பார்க்கலாம்... இந்தப் பேச்செல்லாம் கூடாது.

"ஏன்யா, மெஸ் சாப்பாடு கெடக்கு, ஏசி கெடக்கு, பாத்ரூம் கெடக்கு. அதெல்லாம் கேக்க மாட்டியா?" என்று பஸ்ஸில் ஒருவர் அவனிடம் கேட்டார்.

"அதெல்லாம் இன்னைக்கு இல்லாட்டி நாளைக்கு கேட்டுக்கலாம்ணே. பெத்தவ மொகத்த நாளைக்குப் பாக்க முடியாதுல்ல."

கொஞ்ச நேரத்தில் கண்ணாடியில் பார்த்தேன், எல்லோரும் அவரவர் போனை எடுத்து ஊருக்குப் பேச ஆரம்பித்திருந்தார்கள். வேலாயுதம் ஜெயித்துவிட்டான் என்று அன்றே எனக்குத் தெரிந்துபோயிற்று.

இந்த இடத்தில் டிராகன் சாரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். எங்கள் சைட்டின் சேஃப்டி அதிகாரி, செர்பியா நாட்டுக்காரர். அவருடைய பெயர் ட்ராகன். ஆட்கள் அதை நெருப்புக் கக்கும் டிராகன் ஆக்கிவிட்டார்கள், அவரும் கோபித்துக்கொண்டதில்லை. மத்தியான வெயிலில் என் பஸ்ஸின் ஏசியைத் தேடி வந்து உட்காருவார். ஆங்கிலத்தில் நாலு சொல், இந்தியில் ரெண்டு சொல் என்று கலந்துகட்டிப் பேசுவார். எனக்கு அதுவே போதும்.

கேம்ப்பில் தேர்தல் என்று கேள்விப்பட்டதும் அவருக்கு ஒரே உற்சாகம். "எங்கள் நாட்டில் ராஜா இருந்த காலத்துத் தேர்தல் தெரியுமா?" என்று ஆரம்பித்தார். பத்தொன்பதாம் நூற்றாண்டுக் கதை. ராஜா முதலில் மந்திரியை முடிவு செய்துவிடுவாராம், அந்த மந்திரிக்கு ஏற்றபடி தேர்தலை அப்புறம் நடத்துவார்களாம். ஓட்டுச் சாவடியில் போலீஸ்காரர் நிற்க, அதிகாரியின் முகத்தைப் பார்த்து வாய்விட்டுப் பெயர் சொல்லித்தான் ஓட்டுப் போட வேண்டும். அப்படியும் குடியானவர்கள் துணிந்துவிட்டார்களாம், ராஜாவுக்குப் பிடிக்காத கட்சிக்கே போடுவது என்று.

அவருடைய பாட்டனுக்குப் பாட்டன் மொராவா என்ற ஆற்றில் ஓடக்காரர். ஆற்றுக்கு அந்தப் பக்கத்துக் கிராமங்கள் முழுக்கக் குடியானவர் கட்சி, ஓட்டுச் சாவடியோ இந்தப் பக்கம். தேர்தல் அன்றைக்கு அதிகாரி வந்து ஓடக்காரரிடம் ஒரு வார்த்தை சொன்னாராம். ஓடம் இந்தக் கரையிலேயே நின்றது. ஓடத்தை இழுக்கிற கயிறு அறுந்துவிட்டது என்று ஓடக்காரர் அக்கரையைப் பார்த்துக் கை காட்டினாராம். ஜனங்கள் பொழுது சாயும்வரை அக்கரையில் நின்று பார்த்துவிட்டு வீட்டுக்குப் போனார்கள். அப்புறம் மனுப் போட்டார்கள், தலைநகரம் வரை நடந்துபோய்ச் சண்டை போட்டார்கள், பாராளுமன்றத்திலும் கூச்சல் எழுந்தது. மனுவைத் தள்ளிவிட்டார்கள்.

"ஒரு கயிறு. அவ்வளவுதான் செலவு," என்று சொல்லிச் சிரித்தார். நானும் சிரித்தேன். வரலாறு படித்தவன் அல்லவா... பால்கன் நாடுகளைப் பற்றிப் பரீட்சைக்குப் பக்கம் பக்கமாய் எழுதியவன், ஓடக்காரன் ஒருவன் எந்தப் புத்தகத்திலும் வரவில்லையே என்று வியந்துகொண்டேன்.

இனி என் கதை.

எனக்கு ஒரு தங்கை. அப்பா இல்லை, தாரை வார்த்துக் கொடுக்க வேண்டியவன் நான். கல்யாணத் தேதி குறித்தாகிவிட்டது. லீவ் கேட்டபோது கேம்ப் பாஸ் தங்கராசு, "டிரைவர் மாஃபி, மாத்து ஆள் இல்ல, கலாஸ்" என்று பாதி அரபியில் பேச்சை முடித்து, கையை விரித்துவிட்டார். அவரும் எங்கள் ஜில்லாக்காரர்தான். கேம்ப்பில் அறை ஒதுக்குவதிலிருந்து லீவுக்குச் சிபாரிசு செய்வதுவரை எல்லாம் அவர் கையில். அவருக்கு முனியப்பன் ஜெயிக்க வேண்டும். வேலாயுதம் அதிகாரிகளோடு உட்கார்ந்தால், லீவுச் சாவி தன் கையைவிட்டுப் போய்விடும் என்று அவருக்குத் தெரியாதா?

தேர்தலுக்கு முதல் நாள் காலையில் பஸ் பக்கமாக வந்தார். டயரைக் காலால் தட்டிப் பார்த்தார்.

"நாளைக்கு இந்த வண்டி கொஞ்சம் லேட்டா வந்தா ஒண்ணும் குடிமுழுகிப் போயிடாது ராஜமாணிக்கம்."

நான் முன்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

"தங்கச்சி கல்யாணத்துக்கு அண்ணன் இல்லாம எப்படி? நான் பேசுறேன். நீ துணிமணி எடுக்குற வேலையப் பாரு."

இவ்வளவுதான் பேச்சு. மிரட்டவில்லை, கெஞ்சவில்லை. என்னை வற்புறுத்தினார்கள் என்று சொல்லித் தப்பிக்க எனக்கு வழியே இல்லை... மறுநாள் வண்டியை எடுக்கும்போது ஓடக்காரரின் கயிறுதான் நினைவுக்கு வந்தது. அவர் இடத்தில் என்னை வைத்துப் பார்த்தேன், அருவருப்பு வரவில்லை. 'எப்படிச் செய்யலாம்' என்றுதான் யோசித்தேன்.

சைட் அப்போது அல் ஐன் ரோட்டில் இருந்தது. வேலை முடிந்து ஏறிய ஆட்களில் பெரும்பாலோர் வேலாயுதத்தின் ஆட்கள். சீக்கிரம் போனால் குளித்துவிட்டே ஓட்டுப் போடலாம் என்று பேசிக்கொண்டார்கள். பாதி வழியில், கடையும் வீடும் இல்லாத இடத்தில், வண்டியை ஓரம் கட்டினேன். "ஹீட் ஆகுது" என்றேன். கையில் துணியைச் சுற்றிக்கொண்டு அடியில் படுத்து, ரேடியேட்டரின் கீழ் அடைப்பானைத் திருகித் தளர்த்தினேன். சுடுதண்ணீர் மணலில் கொட்டியது. வெளியே வந்து, "ஹோஸ் லூசாயிடுச்சு. தண்ணி பூரா போயிடுச்சு" என்றேன்.

ஆட்கள் மணலில் இறங்கி நின்றார்கள். வெயில் தாழ்ந்திருந்தாலும் தரை கொதித்தது. வேலாயுதம் என் பக்கத்தில் வந்து, "இப்ப என்னண்ணே பண்றது?" என்றான். இன்ஜின் ஆறட்டும், அப்புறம் தண்ணீர் ஊற்றிப் பார்க்கலாம் என்றேன்.

அவன் பஸ்ஸுக்குள் ஏறித் தன் தண்ணீர் ஜாடியை எடுத்து வந்தான். இங்கே வேலைக்குப் போகிற ஒவ்வொருவரும் கொண்டுபோகும் பிளாஸ்டிக் ஜாடி. காலையில் ஐஸ் போட்டு நிரப்பினால் மாலைவரை தொண்டையைக் காப்பாற்றுவது அதுதான். அவனைப் பார்த்து மற்றவர்களும் எடுத்து வந்தார்கள். அடியில் மிஞ்சியிருந்த ஒரு வாய், ரெண்டு வாய்... குடிக்க வைத்திருந்த தண்ணீர்.

ஒவ்வொருவராக வந்து ஊற்றினார்கள். நான் மூடியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். மேலே ஊற்ற ஊற்ற, நான் தளர்த்தி வைத்த துளை வழியே அது கீழே மணலுக்குப் போய்க்கொண்டிருந்தது.

கேட்கிறீர்களா? தாகத்தில் நின்ற மனிதர்களின் தண்ணீரை நான் மணலில் ஊற்ற வைத்தேன். ஓட்டுகளைத் திருடியதுகூட அதற்கு அடுத்தபடிதான். என் தூக்கத்தில் வருவது அந்தத் தண்ணீர்ச் சத்தம்தான்.

அப்போது டிராகன் சாரின் பிக்கப் வந்து நின்றது. இறங்கி வந்தார். குனிந்து வண்டிக்கு அடியில் பார்த்தார். மணல் நனைந்திருந்ததைப் பார்த்தார், அடைப்பானையும் பார்த்திருப்பார், அந்த மனிதருக்குப் பார்ப்பதுதானே தொழில். நிமிர்ந்து என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார்.

"இன்றைக்கு ஆறு ரொம்ப அகலமோ?" என்று மெல்லக் கேட்டார்.

எனக்கு மட்டும் புரிந்தது. நான் தலையைக் குனிந்துகொண்டேன். என் வண்டியில் நாலு பேருக்கு இடமிருக்கிறது, வருகிறாயா என்று வேலாயுதத்திடம் கேட்டார். அவன் மறுத்துவிட்டான்.

"இவங்கள நடுரோட்டுல விட்டுட்டு நான் மட்டும் போய் என்ன சார் பண்ண? போனா எல்லாரும் போவோம்."

டிராகன் சார் ஒன்றும் சொல்லாமல் போனார். ஏன் சொல்லவில்லை? பல நாள் இதை நினைத்து அவர்மேல் எனக்குக் கோபம்கூட வந்தது. என்ன ஞாயம் பாருங்கள்... நான் செய்ததற்கு அவர் பேசாமல் போனது குற்றமாம்!

பொழுது இறங்கியதும் அடைப்பானை இறுக்கினேன். வண்டியில் எப்போதும் ஒரு கேன் தண்ணீர் வைத்திருப்பேன், பின்சீட்டுக்கு அடியில், சாக்கு போட்டு மூடி. அதை எடுத்து ஊற்றினேன். "இது இருக்குறது ஞாபகமே இல்ல" என்றேன். யாரும் சந்தேகப்படவில்லை. "நல்லவேளைண்ணே" என்றார்கள்.

கேம்ப்புக்குப் போய்ச் சேர்ந்தபோது பெட்டியை மூடி நூல் கட்டியிருந்தார்கள். முனியப்பன் கொஞ்ச ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார், என் பஸ்ஸில் இருந்தவர்களில் பாதிப் பேர் போட்டிருந்தாலே தோற்றிருப்பார். மறு ஓட்டு கேட்டு வேலாயுதம் மனு எழுதினான், மெஸ்ஸில் ஆட்கள் தட்டைக் கவிழ்த்து வைத்துவிட்டு உட்கார்ந்தார்கள். மறுநாள் ஆபீசிலிருந்து ஒரு அதிகாரி விசாரிக்க வந்தார். எல்லோருக்கும் முன்னால் என்னைக் கேட்டார், வண்டி உண்மையிலேயே பழுதானதா என்று.

"ஆமா சார்" என்றேன். அதிகாரி நம்பாதவராய் என்னையே பார்த்தார். இன்னொரு கேள்வி கேட்டிருந்தால் நான் உடைந்திருப்பேன், சத்தியமாக உடைந்திருப்பேன்...

அதற்குள் வேலாயுதம் எழுந்தான்.

"டிரைவரண்ணன் மேல தப்பு இல்ல சார். தண்ணி கீழ ஒழுகுனத நான் கண்ணால பாத்தேன். நானே என் கையால ஊத்துனேன். அவரு பாவம், சட்டையெல்லாம் கரியாக்கிட்டு அடியில கெடந்தாரு. எங்களுக்கு மறு ஓட்டு வேணும், அது வேற. அவர ஒண்ணும் சொல்லாதீங்க."

வழக்கு அங்கேயே முடிந்தது. வண்டி பழுதானதற்கு யார் என்ன செய்ய முடியும், முடிவு முடிவுதான் என்று அதிகாரி எழுந்து போய்விட்டார். அவனுடைய மனுவை அவனுடைய நேர்மையே கொன்றது. இல்லை... இப்படி அழகாகச் சொல்லித் தப்பிக்கப் பார்க்கிறேன். கொன்றவன் நான்.

எனக்கு லீவ் கிடைத்தது. தங்கையின் கையைப் பிடித்துத் தாரை வார்த்தேன். எல்லோரும் அழுதார்கள், நானும் அழுதேன், அண்ணன் பாசம் என்று சொன்னார்கள்.

திரும்பி வந்த பிறகு ஒருநாள் டிராகன் சாரிடம் நானே கேட்டேன், அந்த ஓடக்காரருக்கு அப்புறம் என்ன ஆயிற்று என்று. ஒன்றும் ஆகவில்லை என்றார். யாரும் அடிக்கவில்லை, திட்டவுமில்லை. ஆனால் அதற்குப் பிறகு ஓடத்தில் கால் வைக்கும் முன் ஒவ்வொருவரும் கேட்பார்களாம், "இன்றைக்கு அக்கரை போகுமா?" என்று. அவர் மகன் ஓடம் ஓட்டியபோதும் கேட்டார்கள், பேரனிடமும் கேட்டார்கள். கடைசியில் அந்தக் குடும்பம் ஓடத்தை விற்றுவிட்டது. இதைச் சொல்லும்போது அவர் சிரிக்கவில்லை. அந்த வருஷமே கான்ட்ராக்ட் முடிந்து நாட்டுக்குப் போய்விட்டார்.

பிறகு வேலாயுதத்தின் அம்மா இறந்தார்.

காலையில் பஸ் கிளம்பும் நேரத்துக்குச் செய்தி வந்தது. கேம்ப் பாஸிடம் ஓடினான். கான்கிரீட் போடுகிற வாரம், கம்பி கட்ட ஆள் இல்லை, ரெண்டு நாள் பொறு, பேசிப் பார்க்கிறேன் என்றார் தங்கராசு. முனியப்பன் பக்கத்தில் நின்று தலையாட்டினார். ரெண்டு நாளில் என்ன மிஞ்சும்? அன்று மத்தியானமே எடுத்துவிட்டார்கள்.

அவனை சைட்டுக்கு ஓட்டிக்கொண்டு போனவன் நான்தான். முன்சீட்டில், எனக்குப் பின்னாலேயே உட்கார்ந்திருந்தான். கையில் போன். ஊரில் யாரோ வீடியோவில் காட்டிக்கொண்டிருந்தார்கள். பறைச் சத்தமும் பெண்களின் ஒப்பாரியும் என் முதுகுக்குப் பின்னால் கேட்டன. "கொஞ்சம் கிட்ட காட்டுடா... மொகத்த காட்டுடா..." என்று அவன் சொல்லிக்கொண்டே வந்தான். சிக்னல் போய்ப் போய் வந்தது. நான் ரோட்டைப் பார்த்து ஓட்டினேன்.

மத்தியானம் அவனுடைய சித்தப்பா மகன் கொள்ளி வைத்தான். வேலாயுதம் ஒரு கம்பிக் கட்டின் மேல் உட்கார்ந்து அதைப் போனில் பார்த்தானாம். அறைக்காரர் ஒருவர் சவரக்கத்தியால் அங்கேயே அவனுக்கு மொட்டை போட்டுவிட்டார்.

அப்போது சைட் கடல் பக்கம் மாறியிருந்தது. மாலையில் திரும்பும்போது, பாலத்துக்கு முன்னால் ரோடு தண்ணீரை ஒட்டிப் போகும் இடத்தில், அவன் என் தோளைத் தொட்டான்.

"அண்ணே, ஒரு நிமிசம் நிறுத்துவீங்களா? தலைக்குத் தண்ணி ஊத்திட்டு வந்துர்றேன்."

நிறுத்தக் கூடாத இடம். நிறுத்தினேன். அவன் சட்டையோடு கடலில் இறங்கி மூன்று முழுக்குப் போட்டான். பஸ் நிறைய ஆட்கள் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் கையை ஸ்டியரிங்கில் வைத்தபடி அழுதேன். ஈரத்தோடு ஏறி வந்தவன் என் கண்ணைப் பார்த்துவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டான்.

"நீங்களாச்சும் எனக்காக வண்டிய நிறுத்துனீங்கண்ணே. சாகுற வரைக்கும் மறக்க மாட்டேன்."

சொல்லியிருக்கலாம்... அந்த நிமிஷத்தில் சொல்லியிருக்கலாம். என்னை அடித்திருப்பான், கடலில் தள்ளியிருப்பான், எதுவாயிருந்தாலும் முடிந்திருக்கும். நான் கியரைப் போட்டேன்.

இப்போது ஏன் இதையெல்லாம் சொல்கிறேன் என்று கேட்பீர்கள். கேம்ப்பில் மறுபடி தேர்தல் வருகிறது. வேலாயுதம் நிற்கவில்லை. போன வாரம் பஸ்ஸில் எழுந்து நின்று எல்லோரிடமும் சொன்னான்.

"இந்தத் தடவ டிரைவரண்ணன் நிக்கட்டும். எங்கம்மா செத்தப்போ இந்த கேம்ப்ல எனக்காக நின்னது இவரு வண்டி ஒண்ணுதான்."

எல்லோரும் கை தட்டினார்கள். எதிர்த்து நிற்க ஆளில்லை என்கிறார்கள். தங்கராசுகூட, "உன்னய யாரு எதிர்ப்பா" என்று சொல்லி என் தோளில் தட்டிவிட்டுப் போனார்.

நான் இன்னும் மாட்டேன் என்று சொல்லவில்லை. நின்று ஜெயித்து, அவன் கேட்டதை வாங்கிக் கொடுத்துவிட்டால் கணக்குத் தீருமா என்று ஒரு மனம் கேட்கிறது. அவன் அம்மாவின் முகத்தை எதைக் கொண்டு வாங்குவாய் என்று இன்னொரு மனம் கேட்கிறது. இரண்டுக்கும் பதில் சொல்ல எனக்குத் தெம்பில்லை.

அந்த ஓடக்காரரிடம் அக்கரை போகுமா என்று ஜனங்கள் கேட்டார்கள். என்னிடம் யாரும் கேட்பதில்லை. நாளைக் காலையிலும் வேலாயுதம் ஏறுவான். "போலாம்ணே" என்பான். தண்ணீர் ஜாடியைக் காலடியில் வைத்துவிட்டு, நான் வண்டியை எடுப்பதற்குள் எனக்குப் பின்னால் தூங்கிவிடுவான்.